பார்டர்–கவாஸ்கர் கோப்பை கை மாறிய இடம் கொல்கத்தாவா, சேப்பாக்கமா?

சேப்பாக்கத்தான்
7 ஜனவரி 2025, இரவு 9.12

ஞாயிற்றுக்கிழமை சிட்னியில் நடந்ததை எல்லோரும் பார்த்திருப்பீர்கள். இந்தியாவுக்கு எதிரான டெஸ்ட் தொடரை ஆஸ்திரேலியா 3-1 என்று எடுத்துக்கொண்டது. அவர்கள் கேப்டன் கம்மின்ஸ் கையில் பார்டர்–கவாஸ்கர் கோப்பையைக் கொடுக்க ஆலன் பார்டர் மட்டும் வந்தார். அந்தக் கோப்பையின் இன்னொரு பாதிப் பெயருக்குச் சொந்தக்காரர் சுனில் கவாஸ்கர் அதே மைதானத்தில்தான் வர்ணனை வேலையாக இருந்தார். அவரைக் கூப்பிடவில்லை. இந்தியா கோப்பையைத் தக்கவைத்தால் இவர் கொடுப்பது, ஆஸ்திரேலியா வென்றால் அவர் கொடுப்பது என்று முன்பே ஏற்பாடாம். இரண்டு பேரையும் அழைத்திருந்தால் நன்றாக இருந்திருக்கும் என்று ஆஸ்திரேலிய வாரியமே அப்புறம் ஒப்புக்கொண்டது. கல்யாணப் பத்திரிகையில் பெயரைப் போட்டுவிட்டுப் பந்தியில் இலை போடாத கதை.

அந்த விவகாரத்துக்கு ஏற்கெனவே ஓர் இழை ஓடுகிறது. அதில் ஒருவர், இந்தக் கோப்பைக்கு உயிர் கொடுத்ததே 2001-ல் கொல்கத்தா ஈடன் கார்டன்ஸில் நடந்த டெஸ்ட்தான் என்று எழுதியிருந்தார். இருபது வருடத்துக்கு மேலாக இதே பேச்சுதான். லக்ஷ்மண் 281, டிராவிட் 180, ஹர்பஜன் ஹாட்ரிக், முற்றும். அதற்கு அப்புறம் ஒரு டெஸ்ட் நடந்ததே பாதிப் பேருக்கு நினைவில்லை.

என் கட்சி இதுதான்: கொல்கத்தா தொடரைக் காப்பாற்றியது. கோப்பை கை மாறியது சேப்பாக்கத்தில். 2001 மார்ச் 18 முதல் 22 வரை.

அந்தத் தொடரின் முதல் டெஸ்ட்டில், மும்பையில், மூன்றே நாளில் 10 விக்கெட் வித்தியாசத்தில் தோல்வி. ஆஸ்திரேலிய கேப்டன் ஸ்டீவ் வா அணிக்கு அது தொடர்ந்து 16-வது வெற்றி. கொல்கத்தாவில் 1-1. இரண்டு நாள் இடைவெளியில் சென்னை. முதல் இன்னிங்ஸில் அவர்கள் 3 விக்கெட்டுக்கு 340 என்று உட்கார்ந்திருந்தார்கள். ஹேடன் ஹர்பஜனை ஸ்வீப் செய்தே ஓய்த்துவிடுவார் போலிருந்தது. அங்கேதான் ஸ்டீவ் வா பேடில் பட்டு ஸ்டம்பு பக்கம் போன பந்தைக் கையால் தள்ளிவிட்டு அவுட் ஆனார். டெஸ்ட்டில் அப்படி அவுட் ஆகிறவர்கள் விரல் விட்டு எண்ணும் அளவுதான். 340-ல் இருந்தவர்கள் 391-க்குள் மொத்தமும் காலி. ஹேடன் 203.

நாம் 501 அடித்தோம். டெண்டுல்கர் 126. அவர்கள் இரண்டாவது இன்னிங்ஸில் 264, ஹர்பஜனுக்கு 84 ரன்னுக்கு 8 விக்கெட். ஜெயிக்க 155 வேண்டும்.

கடைசி நாள் நான் அங்கே இருந்தேன். வியாழக்கிழமை, கல்லூரிக்கு மட்டம். 155 என்றால் மதியச் சாப்பாட்டுக்கு வீட்டுக்குப் போய்விடலாம் என்று நினைத்துக்கொண்டு போனோம். 135-ல் லக்ஷ்மண் அவுட், மார்க் வா பிடித்த அந்த கேட்ச். அதே 135-ல் பஹுதுலே அவுட். 151-ல் ஜாகீர். எட்டு விக்கெட் போயாச்சு. உள்ளே வந்தது ஹர்பஜன். மறுமுனையில் சமீர் திகே, அவருக்கு அதுதான் முதல் டெஸ்ட். ஹர்பஜன் மெக்ராத்தை மிட்விக்கெட் பக்கம் தட்டிவிட்டு இரண்டு ரன் ஓடினார். அவ்வளவுதான், மைதானமே பெயர்ந்துவிட்டது.

மாற்றுக் கருத்து இருந்தால் எழுதுங்கள். கத்தாமல் எழுதுங்கள்.

கவர்_டிரைவ்
7 ஜனவரி 2025, இரவு 9.50

கத்தவில்லை சார். ஆனால் ஒப்புக்கொள்ளவும் முடியாது.

கொல்கத்தாவில் என்ன நிலைமை என்று ஒரு நிமிடம் யோசியுங்கள். அவர்கள் 445, நாம் 171. ஃபாலோ-ஆன், அதாவது உடனே மறுபடியும் நாமே மட்டை பிடிக்க வேண்டிய நிலை. அதுவரை டெஸ்ட் சரித்திரத்தில் ஃபாலோ-ஆன் வாங்கிய அணி ஜெயித்தது இரண்டே தடவை, 1894-ல் சிட்னியிலும் 1981-ல் ஹெடிங்லியிலும். இரண்டு தடவையும் தோற்றது ஆஸ்திரேலியாதான் என்பது வேறு விஷயம். நான்காம் நாள் முழுக்க லக்ஷ்மணும் டிராவிடும் ஆடினார்கள், 335 ரன், ஒரு விக்கெட் விழவில்லை. ஐந்தாம் நாள் தேநீர் இடைவேளையில் ஆஸ்திரேலியா 3 விக்கெட்டுக்கு 161. டிரா என்று எல்லோரும் எழுந்து போகிற நேரம். கடைசி ஒரு பகுதியில் ஏழு விக்கெட்.

அது ஆட்டம். சென்னையில் நடந்தது, ஜெயிக்க வேண்டிய மேட்சைத் தட்டுத் தடுமாறி ஜெயித்தது. 155 அடிக்க எட்டு விக்கெட் கொடுத்தோம்! அதில் பெருமைப்பட என்ன இருக்கிறது?

இன்னொன்று. லக்ஷ்மண் 281-ல் முறியடித்தது யார் சாதனையை? கவாஸ்கரின் ஆட்டமிழக்காத 236. அவர் பெயரிலேயே நடக்கும் தொடரில் அவர் சாதனை போகிறது. கதை எழுதினால்கூட இப்படி அமையாது.

சேப்பாக்கத்தான்
7 ஜனவரி 2025, இரவு 10.05

அந்த 236-ஐ கவாஸ்கர் எங்கே அடித்தார் என்று சொல்லாமல் விட்டுவிட்டீர்களே. 1983 டிசம்பர், வெஸ்ட் இண்டீஸுக்கு எதிராக, சேப்பாக்கம். பிராட்மேனின் 29 சதத்தைத் தாண்டிய 30-வது சதம் அது. சும்மா ஒரு தகவலுக்காக.

ரெட்பால்_ரசிகை
7 ஜனவரி 2025, இரவு 10.31

வணக்கம். நான் 2021 பிரிஸ்பேன் கப்பா மைதான டெஸ்ட்டுக்கு அப்புறம்தான் ஒழுங்காக டெஸ்ட் பார்க்க ஆரம்பித்தேன், அதனால் சின்னச் சந்தேகம். 2001-ல் சென்னை டெஸ்ட் டிரா ஆகியிருந்தால் 1-1 தானே? கோப்பையைப் பாதிப் பாதியாகப் பிரித்துக்கொள்வார்களா?

சேப்பாக்கத்தான்
7 ஜனவரி 2025, இரவு 10.58

அம்மா, இந்த ஒரு கேள்விக்காகவே உங்களுக்குக் காபி வாங்கித் தர வேண்டும். என் வாதத்தின் உயிரே இதில்தான் இருக்கிறது, முதல் பதிவில் எழுத மறந்துவிட்டேன்.

பிரித்துக்கொள்வது கிடையாது. தொடர் சமனில் முடிந்தால் கோப்பை ஏற்கெனவே யாரிடம் இருக்கிறதோ அவர்களிடமே இருக்கும். 2001-க்கு முந்தைய தொடர் 1999-2000, ஆஸ்திரேலியாவில். 3-0 என்று உதை வாங்கினோம். ஆகவே கோப்பை அவர்களிடம். இப்போது பாருங்கள்: கொல்கத்தாவில் அவ்வளவு பெரிய அதிசயம் நடந்த பிறகும், சென்னையில் ஒரு மழை பெய்திருந்தால் போதும், தொடர் 1-1, கோப்பை ஸ்டீவ் வா பெட்டிக்குள்ளேயே இருந்திருக்கும். தோற்க வேண்டும் என்றுகூட இல்லை. டிரா போதும்.

சென்னையில் கட்டாயம் ஜெயித்தே ஆக வேண்டியது நாம்தான். அந்த 155-ஐத் தட்டுத் தடுமாறி அடித்தார்கள் என்கிறாரே கவர்_டிரைவ், அந்தத் தடுமாற்றத்தின் விலை என்ன என்று இப்போது புரிகிறதா?

இன்னும் ஒரு படி போகலாம். 2003-04-ல் ஆஸ்திரேலியாவில் கங்குலி அணி ஆடிய தொடர் 1-1. அடிலெய்டில் டிராவிட் 233, அப்புறம் ஆட்டமிழக்காமல் 72. சிட்னியில் டெண்டுல்கர் 241. ஸ்டீவ் வாவின் கடைசி டெஸ்ட்டும் அதுதான். சமனில் முடிந்தும் கோப்பை நம்மிடமே இருந்தது, ஏன்? 2001-ல் சேப்பாக்கத்தில் வாங்கி வைத்திருந்ததால். அன்றைக்கு ஹர்பஜன் அவுட் ஆகியிருந்தால் 2004 சிட்னியிலும் கோப்பையைத் தூக்கியிருக்கப் போவது அவர்கள்தான்.

மெல்பர்ன்_வாசி
8 ஜனவரி 2025, அதிகாலை 3.20 (இங்கே காலை)

இங்கே இருந்து ஒரு பார்வை. என் அலுவலகத்தில் இருக்கும் ஆஸ்திரேலியர்களிடம் இந்தியா–ஆஸ்திரேலியா என்று சொன்னால் வயதானவர்கள் கொல்கத்தா என்பார்கள், இளசுகள் கப்பா என்பார்கள். சென்னை என்று சொன்னால் 2001 யாருக்கும் வராது. அவர்களுக்குச் சென்னை என்றால் 1986, டீன் ஜோன்ஸ். அந்த வெயிலில் வாந்தி எடுத்துக்கொண்டே 210 அடித்துவிட்டு, ஆட்டம் முடிந்ததும் ஆஸ்பத்திரியில் சலைன் ஏற்றிக்கொண்டவர். 2020-ல் அவர் இறந்தபோது இங்கே எல்லா அஞ்சலிகளிலும் மெட்ராஸ் என்ற பெயர்தான்.

அப்போது இந்தக் கோப்பை கிடையாது. ஆனால் இரண்டு அணியும் சம ரன்னில் முடித்த அந்த டை டெஸ்ட்டில் ஆஸ்திரேலியா கேப்டன் பார்டர், 106 அடித்தார். கவாஸ்கருக்கு அது இடைவிடாமல் ஆடிய 100-வது டெஸ்ட், கடைசி நாள் 90. பத்து வருடம் கழித்து 1996-ல் கோப்பைக்குப் பெயர் தேடியபோது இந்த இரண்டு பேரைத் தவிர வேறு யாரை வைக்க முடியும்? டெஸ்ட்டில் முதலில் 10,000 ரன் தாண்டியவர் கவாஸ்கர். இரண்டாவது பார்டர்.

இன்னொரு பக்கமும் உண்டு. 1981-ல் இதே மெல்பர்னில் லில்லி பந்தில் எல்பிடபிள்யூ கொடுத்ததற்காகக் கோபித்துக்கொண்டு, கூட ஆடிய சேத்தன் சௌஹானையும் இழுத்துக்கொண்டு வெளியேறப் பார்த்தவர் கவாஸ்கர். அந்த மேட்சை இந்தியா ஜெயித்தது, ஆஸ்திரேலியா 83-க்கு ஆல் அவுட். அவரோடு வெளியே போகப் பார்த்த சௌஹானை அன்றைக்கு உள்ளேயே நிறுத்தினார்கள். உள்ளே வர வேண்டிய கவாஸ்கரை இந்த ஞாயிற்றுக்கிழமை வெளியே நிறுத்திவிட்டார்கள்.

கடைசியாக, டிசம்பர் 26-ல் இங்கே தொடங்கிய பாக்ஸிங் டே டெஸ்ட்டுக்கு நானும் மூன்று நாள் போயிருந்தேன். ஐந்து நாளும் சேர்த்து 3,73,691 பேர். பிராட்மேன் காலத்து 1936-37 ஆஷஸ் டெஸ்ட்டின் 3,50,534 என்ற சாதனை போய்விட்டது. நிதிஷ் ரெட்டி சதம் அடித்தபோது பக்கத்தில் இருந்த ஒரு தெலுங்குப் பெரியவர் யாரென்றே தெரியாத என்னைக் கட்டிப்பிடித்து அழுதார். எதிர்முனையில் நம்ம வாஷிங்டன் சுந்தர் 50 அடித்துத் தாங்கிக்கொண்டிருந்ததை அவருக்கு ஞாபகப்படுத்தினேன். காதில் விழவில்லை.

நெல்லை_சுழல்
8 ஜனவரி 2025, காலை 7.15

மெல்பர்ன் அண்ணாச்சி 1986 பற்றிச் சொன்னதும் ஒரு கணக்கு ஞாபகம் வந்தது. அந்த டை டெஸ்ட்டில் பார்டர் டிக்ளேர் செய்து இந்தியாவுக்கு வைத்த இலக்கு 348. 347-ல் மணிந்தர் எல்பிடபிள்யூ. 1998-ல் இதே மைதானத்தில் நாம் ஆஸ்திரேலியாவுக்கு வைத்த இலக்கு எவ்வளவு? அதே 348! அவர்கள் 168-க்குப் படுத்துவிட்டார்கள், 179 ரன் வித்தியாசம்.

அந்த 1998 மேட்ச்தான் எனக்கு சேப்பாக்கத்தில் உசத்தி. முதல் இன்னிங்ஸில் டெண்டுல்கர் வார்னை முதல் பந்திலேயே பவுண்டரி அடித்தார், அதே ஓவரில் ஸ்லிப்பில் டெய்லரிடம் கேட்ச். 4 ரன். நாம் 71 ரன் பின்தங்கினோம். இரண்டாவது இன்னிங்ஸில் வார்ன் ரவுண்ட் த விக்கெட் வந்து லெக் ஸ்டம்புக்கு வெளியே காலடி பட்டுப் பெயர்ந்திருந்த ரஃபில் குத்துகிறார், இவர் அதைத் தேடிப் போய் மிட்விக்கெட் மேலே அடிக்கிறார். ஆட்டமிழக்காமல் 155. வார்னுக்கு 122 ரன்னுக்கு ஒரே விக்கெட்.

அந்த ஷாட் அன்றைக்குத் திடீரென்று வந்ததில்லை. தொடருக்கு முன்னால் சென்னையில் நம்ம லக்ஷ்மண் சிவராமகிருஷ்ணனைப் போடச் சொல்லி, பிட்ச்சில் வேண்டுமென்றே ரஃப் உண்டாக்கி, அதில் மணிக்கணக்கில் பழகினார் டெண்டுல்கர். லெக் ஸ்பின்னரை ஸ்பின்னுக்கு எதிராக லெக் பக்கம் அடிப்பது பேச்சுக்குச் சுலபம். பந்து காலடித் தடத்தில் விழுந்தால் எவ்வளவு திரும்பும், எவ்வளவு எழும்பும் என்று யாருக்கும் தெரியாது. கால் சரியாகப் போகாவிட்டால் பந்து மட்டையின் மேல் விளிம்பில் பட்டு வானத்துக்குப் போகும். நானும் லீக்கில் ஆஃப் ஸ்பின் போட்டவன்தான், அப்படி ஒருத்தன் அடித்தால் அடுத்த பந்தை எங்கே போடுவது என்றே தெரியாது.

ஹர்பஜன் பற்றி ஒரு வார்த்தை. கும்ப்ளே தோள் அறுவைச் சிகிச்சையில் இருந்த தொடர் அது. ஹர்பஜனுக்கு மூன்று டெஸ்ட்டில் 32 விக்கெட். மற்ற இந்திய பௌலர் யாரும் மூன்று விக்கெட்டுக்கு மேல் எடுக்கவில்லை. ஒருத்தன் தலையில் இவ்வளவு பாரத்தை ஏற்றி வைத்துத் தொடர் ஜெயித்ததை அப்புறம் நான் பார்க்கவில்லை. போன மாதம் பும்ராவும் 32 எடுத்தார், ஐந்து டெஸ்ட்டில். சிட்னியில் முதுகு பிடித்துக்கொண்டது, கடைசி இன்னிங்ஸில் பந்து போட ஆளில்லை.

கவர்_டிரைவ்
8 ஜனவரி 2025, காலை 9.02

ஆக ஒவ்வொருத்தராகச் சேப்பாக்கத்துக்கு வாடகை ரசீது எடுத்துக்கொண்டு வருகிறீர்கள். நடக்கட்டும்.

கோப்பை விதி பற்றிச் சேப்பாக்கத்தான் சொன்னது சரி. ஒப்புக்கொள்கிறேன். எனக்கு அது உறைக்கவில்லை. ஆனால் நான் கேட்பது வேறு. கோப்பை என்பது அலமாரியில் இருக்கும் பொருளா? 1996-ல் டெல்லியில் ஒரே ஒரு டெஸ்ட் வைத்து இந்தக் கோப்பையை ஆரம்பித்தார்கள். மோங்கியா 152 அடித்தார், ஏழு விக்கெட்டில் ஜெயித்தோம், டெண்டுல்கர் கேப்டனாக இறங்கிய முதல் டெஸ்ட். முதல் கோப்பையே நம்மிடம்தான். யாராவது அதைப் பேசுகிறார்களா? கை மாறுவது முக்கியம் என்றால் முதன்முதலில் கைக்கு வந்தது இன்னும் முக்கியம் அல்லவா?

கொல்கத்தாவில் மாறியது அலமாரி இல்லை, மனசு. 16 மேட்ச் தொடர்ந்து ஜெயித்த அணியை, செத்த நிலையிலிருந்து எழுந்து அடிக்கலாம் என்பது அங்கேதான் தெரிந்தது. அப்புறம் ஸ்டீவ் வா எதிரணிக்கு ஃபாலோ-ஆன் கொடுக்கவே யோசிக்கிற காலம் வந்தது. சென்னையில் தோற்றிருந்தாலும் 281 இருந்திருக்கும். கொல்கத்தா இல்லாமல் சென்னை இருக்குமா?

நம்ம ஊர் என்பதற்காகத் தராசில் கட்டைவிரலை வைக்காதீர்கள் என்பதுதான் என் கோரிக்கை.

யாழ்_கீப்பர்
8 ஜனவரி 2025, காலை 11.40

இடையில் நுழைவதற்கு மன்னிக்கவும், நாங்கள் இந்தச் சண்டையில் மூன்றாம் வீட்டுக்காரர். ஆனால் சேப்பாக்கத்தில் எங்களுக்கும் ஒரு கதை இருக்கிறது.

2004 அக்டோபரில் இதே பார்டர்–கவாஸ்கர் தொடரின் சென்னை டெஸ்ட்டில்தான் வார்ன் எங்கள் முரளியின் 532 விக்கெட்டைத் தாண்டினார். இர்பான் பதான் 533-வது. மூன்று வருடம் கழித்து 2007-ல் கண்டியில் முரளி அதைத் திரும்பப் பறித்துக்கொண்டார், அப்புறம் 800 வரை போனது. அதே 2007-ல்தான் இலங்கை–ஆஸ்திரேலியா டெஸ்ட் தொடருக்கு வார்ன்–முரளிதரன் கோப்பை என்று பெயர் வைத்தார்கள். முதல் தொடர் 2-0, அவர்களுக்கே.

ஒரு வித்தியாசம் எனக்குப் பிடிக்கும். உங்கள் கோப்பைக்கு இரண்டு துடுப்பாட்டக்காரர் பெயர். எங்களுடையதற்கு இரண்டு சுழல் பந்து வீச்சாளர் பெயர். விக்கெட் காப்பாளராக இருந்தவன் என்ற முறையில் எது கடினம் என்று எனக்குத் தெரியும்.

சேப்பாக்கத்தான்
8 ஜனவரி 2025, மதியம் 1.25

யாழ்_கீப்பர், உங்களைப் பார்த்ததில் சந்தோஷம். ஆனால் 2004-ஐ ஞாபகப்படுத்தி வயிற்றெரிச்சலைக் கிளப்பிவிட்டீர்கள்.

கும்ப்ளே மேட்ச்சில் 13 விக்கெட். சேவாக் 155. ஜெயிக்க 229 வேண்டும், நான்காம் நாள் முடிவில் விக்கெட் இழப்பில்லாமல் 19. கடைசி நாள் 210 ரன், பத்து விக்கெட் கையில். காலையில் எழுந்து ஜன்னலைத் திறந்தால் ஐப்பசி மழை. ஒரு பந்துகூடப் போடவில்லை. கைக்கு எட்டியது வாய்க்கு எட்டவில்லை. அதற்கு அடுத்த நாக்பூரில் பச்சைப் பசேல் என்று ஒரு பிட்ச், 342 ரன்னில் தோல்வி. 1969-70-க்கு அப்புறம் ஆஸ்திரேலியா இந்தியாவில் ஜெயித்த ஒரே தொடர் இன்றுவரை அதுதான்.

கவர்_டிரைவ் சாருக்கு: அந்த ஒரு நாள் மழை எதைக் கொண்டுபோனது? மனசையா? கோப்பையை. நான் சொல்வதைத்தான் 2004 தலைகீழாக நிரூபிக்கிறது. 2001-ல் அதே மைதானத்தில் வெயில் அடித்தது, கோப்பை வந்தது. 2004-ல் மழை பெய்தது, கோப்பை போயிற்று.

(ஜெயித்தே இருப்போமா என்று கேட்காதீர்கள். மெக்ராத், வார்ன், கில்லெஸ்பி, ஐந்தாம் நாள் பிட்ச். தெரியாது. அதனால்தான் இன்னும் எரிகிறது.)

ரெட்பால்_ரசிகை
8 ஜனவரி 2025, மாலை 4.48

நீங்கள் எல்லோரும் பேசுகிற மேட்ச் எதையும் நான் நேரலையில் பார்த்ததில்லை. எனக்கு இந்தக் கோப்பை என்றால் 2020-21 மட்டும்தான்.

அடிலெய்டில் 36 ஆல் அவுட் என்று அப்பா சொன்னபோது ஒரு ஆளின் ஸ்கோர் என்று நினைத்தேன். அணியின் ஸ்கோராம். அப்புறம் மெல்பர்னில் ரஹானே 112. சிட்னியில் கடைசி நாள் விஹாரி தொடைப் பிடிப்போடு 161 பந்துக்கு 23, அஸ்வின் முதுகு வலியோடு 128 பந்துக்கு 39. நாற்பது ஓவருக்கு மேல் இரண்டு பேரும் நின்றார்கள். ஸ்டம்ப் மைக்கில் அஸ்வின் தமிழில் பேசிக்கொண்டே விஹாரியைக் கூட்டிக்கொண்டு போனதைக் கேட்டதும்தான் எனக்கு டெஸ்ட் மேலே பைத்தியம் பிடித்தது. உலகத்தின் அந்தக் கோடியில், ஹேசல்வுட் பந்து போடும்போது, நம்ம தெருவில் பேசுகிற மாதிரி ஒரு பேச்சு!

அப்புறம் கப்பா. 1988-க்குப் பிறகு ஆஸ்திரேலியா தோற்காத மைதானம். அஸ்வின் இல்லை, ஜடேஜா இல்லை, பும்ரா இல்லை. வலைப்பயிற்சிக்குப் பந்து போட வந்த நடராஜன், சேலம் சின்னப்பம்பட்டிக்காரர், டெஸ்ட் தொப்பி வாங்கினார், முதல் இன்னிங்ஸில் மூன்று விக்கெட். வாஷிங்டனுக்கும் அதே மேட்ச்தான் அறிமுகம். ஸ்மித்தை எடுத்தார், அப்புறம் 186-க்கு 6 என்று இருந்தபோது ஷர்துலோடு சேர்ந்து 123 ரன். 62 அடித்தார். கடைசி நாள் 328 துரத்தி பந்த் 89 நாட் அவுட்.

கொல்கத்தாவா சென்னையா என்ற சண்டையில் எனக்கு இடமில்லை, எனக்கு பிரிஸ்பேன். அதே பிரிஸ்பேனில்தான் போன டிசம்பர் 18-ல் அஸ்வின் ஓய்வு என்று சொன்னார். 537 விக்கெட். அன்றைக்கு வேலைக்குப் போகவில்லை.

மூன்றாம்_நடுவர் (மட்டுறுத்துநர்)
8 ஜனவரி 2025, மாலை 6.30

சத்தம் கம்மியாக இருப்பதால் இழையைப் பூட்டவில்லை. இரண்டு தகவல்.

ஒன்று, இதுவரை 17 தொடர். இந்தியா 10, ஆஸ்திரேலியா 6, சமன் ஒன்று.

இரண்டு, இந்தக் கோப்பைக்கான டெஸ்ட் சேப்பாக்கத்தில் நடந்தது நான்கு தடவை: 1998, 2001, 2004, 2013. மூன்று வெற்றி, ஒரு மழை. 2013-ல் தோனி 224, அஸ்வின் 12 விக்கெட், ஆஸ்திரேலியாவின் 20 விக்கெட்டும் சுழலுக்கே. ஹர்பஜனுக்கு 100-வது டெஸ்ட்டும் அதுவே. அதன் பிறகு 2017-ல் புனே, பெங்களூரு, ராஞ்சி, தர்மசாலா. 2023-ல் நாக்பூர், டெல்லி, இந்தூர், அகமதாபாத். பன்னிரண்டு வருடமாக இந்தக் கோப்பை இந்தப் பக்கம் வரவில்லை. இவ்வளவு சண்டை போடுகிறவர்கள் அதற்கு ஒரு மனு எழுதலாம்.

சடகோபன் ரமேஷ் 2001 கடைசி நாள் ரன் அவுட் ஆனது யார் தப்பு என்று தனிமடலில் எனக்கு எழுதியவருக்கு: அதற்குத் தனி இழை திறக்கவும். 25 ரன்னில் நன்றாக ஆடிக்கொண்டிருந்தார் என்பது வரை உங்களோடு உடன்படுகிறேன்.

கவர்_டிரைவ்
8 ஜனவரி 2025, இரவு 8.10

மனுவில் முதல் கையெழுத்து என்னுடையது. அதில் சந்தேகமே வேண்டாம்.

2004 வாதம் நன்றாக இருந்தது, மதியத்திலிருந்து பதில் யோசிக்கிறேன், வரவில்லை. சரி, இப்படி வைத்துக்கொள்வோம்: கோப்பையை ஜெயித்தது சென்னையில், ஜெயிக்க முடியும் என்று நம்பியது கொல்கத்தாவில். இதற்கு மேல் நான் இறங்கி வர மாட்டேன்.

ஆனால் ஒரு விஷயம் உறுத்திக்கொண்டே இருக்கிறது. பதில் தேடி 2001 சென்னை ஐந்தாம் நாள் ஆட்டத்தை மறுபடி போட்டுப் பார்த்தேன். கடைசி ஷாட்டை ஹர்பஜன் மிட்விக்கெட் பக்கம் தட்டியதாக எழுதியிருக்கிறீர்கள். பந்து போனது பாயிண்ட் பக்கம். மட்டையில் நழுவி ஓடியது. கிட்டத்தட்ட எதிர்த் திசை. நீங்கள் எந்த ஸ்டாண்டில் இருந்தீர்கள் சார்?

நெல்லை_சுழல்
8 ஜனவரி 2025, இரவு 8.14

ஐயையோ.

சேப்பாக்கத்தான்
8 ஜனவரி 2025, இரவு 9.37

எழுதி எழுதி அழித்துவிட்டு இதைப் போடுகிறேன்.

மைதானத்துக்குப் போனது உண்மை. காலையிலிருந்து உள்ளே இருந்ததும் உண்மை. லக்ஷ்மண் அவுட் ஆனபோது என்னோடு வந்தவன் தலையில் கை வைத்துக் குனிந்துவிட்டான். அடுத்து பஹுதுலே. மொத்த ஸ்டாண்டும் அமைதி. அந்த அமைதி எனக்குத் தாங்கவில்லை. எனக்கு ராசி இல்லை, நான் உட்கார்ந்திருந்தால் தோற்றுவிடுவோம் என்று தோன்றியது. எழுந்து வெளியே வந்துவிட்டேன். வாலாஜா சாலையில் ஒரு டீக்கடை. அங்கே ரேடியோவைச் சுற்றிப் பத்துப் பேர் நின்றுகொண்டிருந்தார்கள், இரண்டு போலீஸ்காரர்களும் சேர்த்து. ஒரு டீ சொன்னேன்.

ஜாகீர் போனதை ரேடியோவில்தான் கேட்டேன். அப்புறம் என்ன நடந்தது என்று ரேடியோ சொல்வதற்கு முன்னால் மைதானம் சொல்லிவிட்டது. சுவர் தாண்டி வந்த அந்தச் சத்தத்தை இன்றைக்கும் காதில் வைத்திருக்கிறேன். எந்தப் பக்கம் அடித்தார் என்று தெரியாது. சத்தம் வந்த பக்கம் என்று நானே ஒரு ஷாட்டைக் கற்பனை செய்து, இருபத்துநான்கு வருடமாகப் பார்த்த மாதிரி எல்லோருக்கும் சொல்லிக்கொண்டிருக்கிறேன். என் பையனுக்கு நடித்தே காட்டியிருக்கிறேன்.

பாயிண்ட் பக்கம். சரி.

கவர்_டிரைவ்
8 ஜனவரி 2025, இரவு 9.45

பரவாயில்லை சார். கொல்கத்தா கடைசி நாள் தேநீர் இடைவேளையில் டிரா என்று டிவியை அணைத்துவிட்டு டியூஷனுக்குப் போனவன் நான். 161-க்கு 3 எனக்கு ஏன் அவ்வளவு துல்லியமாக ஞாபகம் இருக்கிறது என்று நினைத்தீர்கள்?

ரெட்பால்_ரசிகை
8 ஜனவரி 2025, இரவு 9.52

அந்த டீயைக் குடித்தீர்களா இல்லையா?

சேப்பாக்கத்தான்
8 ஜனவரி 2025, இரவு 9.58

கிளாஸை அப்படியே பெஞ்சில் வைத்துவிட்டு உள்ளே ஓடினேன். காசு கொடுக்கவில்லை.